நைனாவுக்கு ஏற்றிய விளக்கு

வாயில் தக்கை இருக்கும்வரை நான் எதுவும் சொல்ல வேண்டியதில்லை. தக்கையைக் கடித்துக்கொண்டு பேச முடியாது, பேசவும் கூடாது, அது நாய்க்கர் போட்ட சட்டம். குண்டு விழுகிற அதிர்ச்சியில் பல்லும் பல்லும் மோதினால் நாக்கு துண்டாகிவிடுமாம், காதுச் சவ்வு கிழிந்துவிடுமாம், அதனால் இந்த வீட்டில் எல்லோர் கழுத்திலும் ஒரு கயிறு, கயிற்றில் ஒரு தக்கை. அபாயச் சங்கு ஊதினால் காதில் பஞ்சு, பல்லிடுக்கில் தக்கை, மாடிப்படிக்கு அடியில் ஓட்டம். என்னுடையது இருமல் மருந்து பாட்டிலின் தக்கை, எத்தனை தரம் கழுவினாலும் கசப்பு போகவில்லை. கசக்கட்டும். கசப்பதால்தான் நான் இன்னும் ராயபுரத்தில், உயிரோடு, கரி மூட்டைக்கும் வீட்டுக்காரம்மாவுக்கும் நடுவில் நசுங்கிக்கொண்டிருக்கிறேன் என்று தெரிகிறது. வீட்டுக்காரம்மா பச்சையம்மாள் ஒருத்தியே இரண்டு பேர் இடத்தைப் பிடித்துக்கொள்வாள், அவளுக்கு அந்தப் பக்கம் அம்மா, அம்மாவின் மடியில் என் தம்பி பாலகுரு. நாலு பேர் மூச்சும் ஒரே மூச்சாகிவிட்டது. இருட்டு, கரித்தூள், கரப்பான்பூச்சி வாசனை. எங்கள் தலைக்கு மேலே படிக்கட்டு, படிக்கட்டு ஏறி முடிகிற இடத்தில் மொட்டைமாடி, மொட்டைமாடியின் கிழக்குச் சுவரில் கடல் பக்கம் சின்ன ஓட்டை உள்ள ஒரு மாடம், மாடத்தில் ஒரு அகல் விளக்கு, அது எரிந்துகொண்டிருக்கிறது. நான்தான் ஏற்றினேன். அது எரிவது எனக்கு மட்டும்தான் தெரியும். எனக்கும், மேலே குண்டு விமானத்தில் பறக்கிறவன் பார்த்துவிட்டால் அவனுக்கும். சொல்லிவிடலாம். தக்கையை எடுத்துவிட்டு, அம்மா, மாடியில் விளக்கு எரிகிறது என்று சொல்லிவிடலாம், நாலே வார்த்தை. சொன்னால் ஓடிப்போய் அணைத்துவிடுவார்கள். அணைத்துவிட்டால் கப்பலுக்குப் போன என் நைனா? அதனால் தக்கையைக் கடித்துக்கொள்கிறேன்.

இன்றைக்குக் கார்த்திகை தீபம். கார்த்திகை தீபத்தன்று வெளியே விளக்கு வைக்காத வீடு என்றால் அது சாவு விழுந்த வீடு, இது எல்லோருக்கும் தெரியும், எந்தத் தெருவில் நடந்தாலும் எந்த வீடு இருட்டாக இருக்கிறதோ அந்த வீட்டைப் பார்த்து ஐயோ பாவம் என்பார்கள். இந்த வருஷம் தெருவே இருட்டு. நாய்க்கர் முந்தாநாளே வீடு வீடாக வந்து சொல்லிவிட்டார். டிராமில் டிக்கெட் கிழித்துக்கொண்டிருந்த மனிதர், பென்ஷன் வாங்கிக்கொண்டு எங்கள் முன்கட்டு அறையில் சும்மா கிடந்தவர், யுத்தம் வந்ததும் விமானத் தாக்குதல் காவலுக்கு ஏ.ஆர்.பி. வார்டன் ஆகி, தலையில் இரும்புத் தொப்பியைக் கவிழ்த்துக்கொண்டு இப்போது எங்களைக் கிழிக்கிறார். "கார்த்தியையாவது கத்திரிக்காயாவது, வெளக்கு வைக்கணும்னா சமையக்கட்டுல வச்சிக்கோங்க. ஒரு பொட்டு வெளிச்சம் வெளிய வரக்கூடாது. பத்து மைல் மேலேர்ந்து பாத்தா ஒரு பீடி நெருப்பு தெரியும், தெரிஞ்சிக்கோங்க." பீடி நெருப்பே தெரியுமென்றால் அகல் விளக்கு எவ்வளவு நன்றாகத் தெரியும். நிச்சயம் தெரியும். தெரியட்டும் என்றுதானே ஏற்றினேன். இல்லை, அவனுக்குத் தெரியட்டும் என்று இல்லை, நைனாவுக்கு. அம்மா நாய்க்கர் சொன்னபடியே கறுப்புக் காகிதம் ஒட்டிய சமையற்கட்டு ஜன்னலுக்குக் கீழே, அரிசிப் பானைக்குப் பக்கத்தில், இரண்டு அகலை வைத்து ஏற்றிவிட்டுக் கும்பிட்டாள், அவ்வளவுதான் கார்த்திகை. பொரி உருண்டை கிடையாது, வெல்லம் கிடைக்கவில்லை, கிடைத்தாலும் யாருக்கு என்பது போல இருந்தாள். பானைக்குப் பக்கத்தில் எரிகிற விளக்கைப் பானை பார்க்கும், நைனா எப்படிப் பார்ப்பார்?

நைனா, என் அப்பா, கப்பலில் சமையல்காரர். சரக்குக் கப்பல். கப்பலில் கடல் தவிர வேறு ஒன்றும் தெரியாது, அதனால்தான் வெங்காயத்தைப் பார்த்துக்கொண்டே இருப்பேன் என்பார். போன கார்த்திகைக்கு வீட்டில் இருந்தார், கைப்பிடிச் சுவர் நெடுக விளக்கு வரிசை, அம்மா ஈரத் தலையோடு எண்ணெய் ஊற்றிக்கொண்டே போக நைனா பின்னாலேயே ஏற்றிக்கொண்டு வந்தார், பாலகுரு தீப்பொறி பறக்க மாவலி சுற்றுகிறேன் என்று தன் முன்மயிரைப் பொசுக்கிக்கொண்டு அழுதான். என்னைக் கிழக்குச் சுவர் பக்கம் நிறுத்திக் கடலைக் காட்டினார். "அங்க நின்னு பாத்தா ராயபுரம் பூரா வெளக்கு தெரியும் அபரஞ்சி. அதுல நம்ம வூட்டு வெளக்கு எதுன்னு நான் கண்ண மூடிக்கினே சொல்லிடுவேன்." கண்ணை மூடிக்கொண்டால் எப்படித் தெரியும் என்று கேட்டேன். "தெறந்தா எல்லா வூட்டு வெளக்கும் தெரியுமே, கொழம்பிடுவேன் இல்ல?" நைனா பேச்சில் பாதி புளுகு, அது எனக்குத் தெரியாதா, ஆனால் எந்தப் பாதி என்றுதான் தெரியாது. தை பிறந்து போனவர். பங்குனிக் கடைசியில் விசாகப்பட்டணத்தில் குண்டு விழுந்தது என்று சொல்லி இந்தப் பட்டணமே மூட்டை கட்டிக்கொண்டு ஓடியது, ரயில் கூரையெல்லாம் ஜனம், பள்ளிக்கூடத்தைப் பூட்டிவிட்டார்கள், மிருகக்காட்சிசாலையில் சிங்கம் புலியையெல்லாம் குண்டு விழுந்து கூண்டு திறந்துகொண்டால் என்ன செய்வது என்று சுட்டே போட்டுவிட்டார்களாம், போகாதவர்கள் நாங்கள்தான். அம்மா போக மாட்டேன் என்றுவிட்டாள். அவர் வந்து பார்த்து வீடு பூட்டியிருந்தால் எங்கே போய்த் தேடுவார் என்றாள். எங்கள் மாமா செங்கல்பட்டிலிருந்து வந்து கத்திவிட்டுப் போனார், பிள்ளைகளைக் கொல்லப் பார்க்கிறாயா என்று, அம்மா அடுப்பை ஊதிக்கொண்டே இருந்தாள். ஆடியில் கப்பல்காரர் ஒருவர் வந்து ஏகாம்பரத்தைக் கொழும்பில் பார்த்தேன், சௌக்கியம், மீசையை எடுத்துவிட்டார் என்று சொன்னார். மீசை இல்லாத நைனாவை என்னால் நினைக்கவே முடியவில்லை. அதற்கப்புறம் ஒன்றுமில்லை. ஐப்பசி போய்க் கார்த்திகையும் வந்துவிட்டது, ஒன்றுமில்லை. கடலில் அவர் எங்கேயாவது நின்று இந்தப் பக்கம் பார்த்து, கண்ணைத் திறந்து பார்த்தாலும் மூடிப் பார்த்தாலும், எல்லாம் இருட்டாக இருந்தால், எங்கள் வீட்டில் சாவு என்று நினைத்துவிட்டால்?

அதனால் ஏற்றினேன். வெள்ளிக்கிழமை தோறும் தலை முழுகக் கொடுத்த நல்லெண்ணெயில் பாதியைத் தலைக்கு வைத்துப் பாதியைக் கிண்ணத்தில் ஒளித்து வைத்தேன், சிக்கு எடுக்கும்போது அம்மா ஏண்டி முடி இப்படி வறண்டு கிடக்குது என்று கேட்டபோதுகூட வாயைத் திறக்கவில்லை. திரிக்கு நைனாவின் கிழிந்த வேட்டியில் ஒரு கிழிசல். அதுதான் தப்பு. வேறு துணியில் திரித்திருக்கலாம். நைனா உடம்பில் கட்டிய துணியைத் திரியாகத் திரித்து நைனாவின் பேரைச் சொல்லி ஏற்றிவிட்டேன், இப்போது அது வெறும் விளக்கு இல்லை, அது நைனா. கிழக்கே மேகமாக இருந்தது, காற்று அடித்தது, காற்று படாமல் மாடத்துக்குள் தள்ளி வைத்தேன், சுடர் ஆடி நின்றது, நல்ல சுடர், எனக்குச் சந்தோஷமாக இருந்தது, கீழே இறங்கி வந்து கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டு ஒன்றும் தெரியாத பூனை மாதிரி பாலகுருவுக்குச் சோறு பிசைந்தேன், முதல் உருண்டை அவன் வாய்க்குப் போகவில்லை, சங்கு ஊதிவிட்டது. ஏறி இறங்கி ஏறி இறங்கி அழுகிற சங்கு. எப்போதும் ஒத்திகைதான் நடக்கும், நாய்க்கர் முதல் நாளே சொல்லிவிடுவார், இன்றைக்கு ஒருவரும் சொல்லவில்லை. நாய்க்கரே வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு ஓடினார். அவர் முகத்தைப் பார்த்தபோதுதான் இது ஒத்திகை இல்லை என்று எனக்குத் தெரிந்தது.

பாலகுரு தக்கைக்குப் பின்னாலிருந்து என்னவோ முனகுகிறான். அர்ச்சுனா அர்ச்சுனா. இடி இடித்தால் அர்ச்சுனன் பேரைச் சொன்னால் இடி நம் மேல் விழாது என்று அம்மா சொல்லிக் கொடுத்தது, குண்டுக்கும் அதையே சொல்லிக்கொண்டிருக்கிறான், அஞ்சு வயசுப் பிள்ளைக்கு இடிக்கும் குண்டுக்கும் என்ன வித்தியாசம். எனக்கு மட்டும் என்ன வித்தியாசம் தெரியும், நானும்தான் சொல்லிப் பார்த்தேன். ஆனால் இடி சும்மா விழும், குண்டு பார்த்துத்தான் விழும். பார்ப்பதற்கு வேறு என்ன இருக்கிறது? ராயபுரம் முழுக்க இருட்டு, துறைமுகம் இருட்டு, கடற்கரை இருட்டு, எங்கள் வீட்டுக் கிழக்குச் சுவரில் மட்டும் ஒரே ஒரு சுடர். இருட்டில் நெற்றிப் பொட்டு மாதிரி. அவன் பார்ப்பான், இதோ ஒரு வீடு என்பான், கையை நீட்டிச் சரியாக அங்கே போடுவான், முதலில் மொட்டைமாடி, அப்புறம் படிக்கட்டு, படிக்கட்டுக்குக் கீழே நாங்கள். நாங்கள் மட்டும் இல்லை, வீட்டுக்காரம்மாவும். அவள் எங்களுக்கு என்ன பாவம் செய்தாள், வாடகையைக்கூட இரைந்து கேட்டதில்லை. அவளுக்கு இழுப்பு வேறு, மூச்சு விசில் மாதிரி வருகிறது, அது மூச்சா, வெளியே விசிலா?

வெளியேதான். விசில், ஓட்டம், நாய்க்கர் குரல், பஞ்சையும் துளைத்துக்கொண்டு வருகிறது.

"எந்த வூட்லடா வெளக்கு? ஏய், அணைடா! வெளக்க அணைன்றேன்!"

 பார்த்துவிட்டார். இல்லை, எப்படிப் பார்ப்பார், தெரு மேற்கே, விளக்கு கிழக்கே, கடலில் இருப்பவனுக்குத்தான் தெரியும், அப்படிப் பார்த்துத்தானே வைத்தேன். வீட்டுக்காரம்மா தக்கையைத் துப்பினாள்.

"யோவ் நாய்க்கரே! நாளும் கெழமையுமா அணை கிணைன்னு கத்தாதய்யா. குளிர வைன்னு சொன்னா வாயி வெந்துடுமா?"

"குண்டு போடறவன்கிட்ட சொல்லும்மா, குளிரப் போடுன்னு! தக்கைய வாயில வை!"

"வெளக்கப் போயி அணைன்றான் பாரு தனம். வாயில நல்ல வார்த்தையே வராது."

அம்மாவிடம்தான் சொன்னாள். எங்கள் வீட்டில் அணை என்கிற அந்த வார்த்தையை யாரும் சொல்வதில்லை. விளக்கு குளிர்ந்துவிட்டது என்போம், மலையேறிவிட்டது என்போம். வாயால் ஊதக் கூடாது, பூவின் காம்பால் சுடரை மெல்ல அழுத்த வேண்டும், பாலாவது ஒரு சொட்டு விட வேண்டும். நைனா கப்பலுக்குப் போன பிறகு அம்மா அதுகூடச் செய்வதில்லை, எண்ணெய் தீர்ந்து தானாகவே குளிரட்டும் என்று விட்டுவிடுவாள், கப்பல்காரன் பெண்டாட்டி விளக்கைத் தொடக் கூடாது என்பாள். ஒரு தரம் பாலகுரு விளையாட்டாக ஊதப் போனான், அம்மா அறைந்த அறையில் அவன் கன்னத்தில் விரல் விரலாகத் தெரிந்தது, அப்புறம் அவளே அவனைக் கட்டிக்கொண்டு அழுதாள். அம்மா அடித்து அன்றைக்குத்தான் பார்த்தேன். அந்த அம்மாவிடம் போய் மாடியில் நைனாவின் விளக்கு எரிகிறது, அதை அணைக்க வேண்டும் என்று எந்த வாயால் சொல்வேன். சொன்னால் அவள் அணைக்க மாட்டாள். அப்படியானால் எல்லோரும் சாவோம், தெரிந்தே சாவோம். இல்லை, அவள் அணைக்கச் சொல்லுவாள், யாரிடம், என்னிடம். நீ ஏற்றினாய், நீ குளிர வை என்று. நான் எப்படிக் குளிர வைப்பேன், என் கை வராது. அணைந்தால் நைனா. அணையாவிட்டால் நாங்கள். அணைந்தால் நைனா ஒருத்தர், அணையாவிட்டால் நாலு பேர். கணக்கு இப்படிப் போடுவதா, சீ, நைனாவை வைத்துக் கணக்குப் போடுகிறேனே, என்ன பிறவி நான். ஆனால் கணக்கு மறுபடியும் அங்கேயே வந்து நிற்கிறது, பாவாடை முள்ளில் மாட்டிக்கொண்ட மாதிரி, இழுக்க இழுக்கக் கிழிகிறது, விடுபடவில்லை. பாலகுருவுக்குப் பால் பல்லே இன்னும் விழவில்லை.

வீட்டுக்காரம்மாவின் வயிற்றைத் தாண்டி ஒரு கை இருட்டில் துழாவிக்கொண்டு வருகிறது, அம்மாவின் கை, என் கையைத் தேடிப் பிடிக்கிறது. பிடித்து இழுத்துத் தன் முகத்தில் வைத்துக்கொள்கிறாள். எத்தனை நாளாயிற்று அம்மா இப்படிச் செய்து. இப்போது சொல்லிவிடு, இப்போது, கை அவளிடம் இருக்கும்போதே. தக்கையை நாக்கால் தள்ளுகிறேன். கையைச் சட்டென்று விட்டுவிட்டாள். வேர்த்திருக்கிறது என்று விட்டுவிட்டாளா, இல்லை கோபமா? பாலகுருவை வீட்டுக்காரம்மாவின் மடியில் தள்ளிவிட்டு எழுந்திருக்கிறாள், தலை படியில் இடிக்கிறது.

"எங்கடி எழுந்திருக்கற?" என்கிறாள் வீட்டுக்காரம்மா.

"தம்பிக்குத் தண்ணி எடுத்தாறேன்க்கா."

"தண்ணியா! கொஞ்ச நேரம் தாங்க மாட்டானா? குந்துடி, தனம்! தனம்!"

போய்விட்டாள். பாலகுரு தண்ணீர் கேட்டதாக எனக்குத் தெரியவில்லை, பஞ்சு அடைத்த காதில் விழுந்திருக்காது. சமையற்கட்டு எவ்வளவு தூரம், முற்றம் தாண்டினால் சமையற்கட்டு. முற்றத்துக்கு மேலே கூரை இல்லை. முற்றத்தில் அம்மா நடக்கும்போது அவன் வந்துவிட்டால்? இந்தச் சத்தம் என்ன? பஞ்சை எடுத்துவிட்டுக் கேட்கிறேன். ம்ம்ம் என்று ஒரு சத்தம், தேனீ போல, இல்லை, தூரத்தில் எங்கேயோ மில் ஓடுகிற மாதிரி, ராத்திரி மில் ஓட்டுவதை நிறுத்திவிட்டார்களே. வீட்டுக்காரம்மாவின் நெஞ்சிலிருந்து வருகிறதா என்று அவள் முதுகில் காதை வைத்துப் பார்க்கிறேன், அங்கே விசில்தான், இது வேறு. வருகிறான். கடல் பக்கமிருந்துதான் வருகிறான், அந்தச் சுடரைப் பிடித்துக்கொண்டே நேராக வருகிறான், நைனாவுக்கு வைத்த வழியில் அவன் வருகிறான். அம்மா முற்றத்தில். பாலகுரு என் பாவாடையைப் பிடித்துவிட்டான். அண்ணாமலையாரே, அந்த விளக்கு அணைந்து போகட்டும்.

கேட்டுவிட்டேன். வாயில் தக்கையோடு, சத்தமில்லாமல், ஆனால் கேட்டுவிட்டேன், குளிரட்டும் என்றுகூட இல்லை, அணைந்து போகட்டும் என்று. இல்லை சாமி, வேண்டாம் சாமி, நான் கேட்கவில்லை, நாக்கு தவறிவிட்டது, எரியட்டும், நைனா நல்லாயிருக்கட்டும். சத்தம் இன்னும் பக்கத்தில் வருகிறது. ஐயோ, அணையட்டும், அம்மா திரும்பி வருகிறவரைக்குமாவது அணையட்டும். மேகம் மறைக்கிற மாதிரி கொஞ்ச நேரம் மறைந்துவிட்டு மறுபடி எரியட்டும். அப்படி எந்த விளக்காவது எரியுமா, சாமி என்ன சுவிட்சா வைத்திருக்கிறார். எதைக் கேட்டேன் என்று எனக்கே குழம்புகிறது, கடைசியாகக் கேட்டதைத்தான் சாமி எடுத்துக்கொள்வாரா, முதலில் கேட்டதையா? முதலில் கேட்டது அணையச் சொல்லி. கடைசியில் கேட்டதும் அதேதான். நானே போகிறேன். நானே போய்ப் பார்த்து, அங்கே போய் முடிவு செய்துகொள்கிறேன். எழுந்திருக்கப் பார்க்கிறேன், இடது கால் மரத்துக் கிடக்கிறது, பாலகுரு பாவாடையை விடவில்லை, "அக்கா போவாத, அக்கா போவாத" என்று தக்கை விழுந்து கழுத்தில் ஆடக் கத்துகிறான், வீட்டுக்காரம்மா "ராமன் ஆண்டா இன்னா ராவணன் ஆண்டா இன்னா, என் உசுர வாங்கறதுக்குன்னே பொறந்துச்சிங்களா" என்று என்னையும் அவனையும் சேர்த்து ஒரே கையால் அமுக்குகிறாள். அவள் நெஞ்சு திக்திக்கென்று அடித்துக்கொள்கிறது. அவளுக்கும் பயம். பெரியவர்களுக்கும் இப்படி அடித்துக்கொள்ளும் என்று எனக்குத் தெரியாது.

அம்மா வந்துவிட்டாள். குனிந்து உள்ளே வந்து, பாலகுருவை வாங்கி, மூச்சு வாங்க உட்காருகிறாள். தண்ணீர் கொண்டு வரவில்லை.  சத்தம் தலைக்கு மேலே வருகிறது, எல்லோரும் குனிந்துகொள்கிறோம், குனிந்தால் என்ன ஆகிவிடும், ஆனாலும் குனிகிறோம், பாலகுரு அர்ச்சுனனைக்கூட மறந்துவிட்டான். கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு விளக்கைப் பார்க்கிறேன், நைனா சொன்ன மாதிரி மூடினால் நன்றாகத்தான் தெரிகிறது, அசையாமல் எரிகிறது, எரிகிறது, இதோ இப்போது, இப்போது. சத்தம் தெற்கே போகிறது. போகிறதா? போகிறது. சிறுத்துக்கொண்டே போய் வீட்டுக்காரம்மாவின் இழுப்பு மட்டும் மிஞ்சுகிறது. அது நம் ஆள் விமானமா, அவன் விமானமா, யாருக்குத் தெரியும். அப்புறம் ரொம்ப நேரம் ஒன்றுமே இல்லை.  அப்புறம் சங்கு, ஏறி இறங்காமல் நீளமாக ஒரே மூச்சில் ஊதுகிற நல்ல சங்கு, தெருவில் நாய்க்கர் குரல், "ஆச்சு, ஆச்சு, எல்லாரும் வெளிய வாங்க!"

வீட்டுக்காரம்மா தக்கையைக் கழற்றிக் கண்ணில் ஒற்றிக்கொண்டு "அங்காளம்மா, தாயே, காப்பாத்திட்ட" என்கிறாள். பாலகுருவுக்குப் பசி வந்துவிட்டது, பிசைந்த சோறு எங்கே என்று கேட்கிறான். எல்லோருக்கும் உயிர் வந்துவிட்டது, எனக்கு மட்டும் வரவில்லை. மரத்த காலை இழுத்துக்கொண்டு படி ஏறுகிறேன், யாரும் ஏனென்று கேட்கவில்லை. எரிந்துகொண்டிருக்கும். எரிந்துகொண்டுதான் இருக்கும். எண்ணெய் நிறைய விட்டிருக்கிறேன், காற்று அதிகம் போகாத மாடம். அவன் பார்க்கவில்லை, அவ்வளவுதான், விளக்கும் பிழைத்தது, நாங்களும் பிழைத்தோம், சாமி இரண்டையும் கொடுத்துவிட்டார், நான் கேட்டது எதையும் அவர் காதில் போட்டுக்கொள்ளவில்லை, சின்னப் பிள்ளை உளறுகிறது என்று விட்டிருப்பார். கதவைத் தள்ளுகிறேன்.

நிலா. மேகமெல்லாம் எங்கேயோ போய், கடலுக்கு மேலே முழு நிலா ஏறி நிற்கிறது. கார்த்திகைப் பௌர்ணமி என்பதே எல்லோருக்கும் மறந்துவிட்டது. எல்லாம் தெரிகிறது. துறைமுகத்துப் பாரந்தூக்கிகள் தெரிகின்றன, தண்ணீரில் நிற்கிற கப்பல்கள் தெரிகின்றன, ராயபுரத்துக் கூரைகள், கோயில் கோபுரம், மாதா கோயில் சிலுவை, எங்கள் கொடியில் காய்கிற பாலகுருவின் சட்டையில் பித்தான் இல்லாத இடம்கூடத் தெரிகிறது. நாய்க்கர் இதற்கு ஒரு சட்டமும் போடவில்லை. இத்தனை வெளிச்சத்தில் ஒரு அகல் விளக்கு எரிந்தால் என்ன, எரியாவிட்டால் என்ன? ஆனால் மாடம் மட்டும் நிழலில் இருக்கிறது, இருட்டாக இருக்கிறது. கிட்டே போய்க் கையை விடுகிறேன். அகலில் இன்னும் இளஞ்சூடு இருக்கிறது. எண்ணெய் விளிம்புவரை அப்படியே இருக்கிறது, திரி மட்டும் கருத்துச் சாய்ந்திருக்கிறது. காற்று இல்லை. கொடித் துணி அசையவில்லை. தானாக அணைந்திருக்கிறது. நான் கேட்டேன், அணைந்துவிட்டது. நைனா, நான் வேண்டும் என்று கேட்கவில்லை நைனா, பயத்தில் கேட்டுவிட்டேன். கடலைப் பார்க்கப் பயமாக இருக்கிறது, அத்தனை பெரிசாக, பளபளவென்று, ஒன்றுமே தெரியாத மாதிரி கிடக்கிறது. பின்னால் காலடி. அம்மா. அடிப்பாள் என்று கன்னத்தை மூடிக்கொள்கிறேன்.

"நல்லெண்ண வாசன உன் கையில," என்கிறாள் அம்மா. "வெள்ளிக்கெழமகூட இல்ல. அப்பவே தெரிஞ்சிடுச்சி."

"அம்மா, நான் சாமியக் கேட்டுட்டேன்மா. அணையணும்னு கேட்டுட்டேன். அணைஞ்சிடுச்சிம்மா." 

"சாமி இல்ல. நான்."

புரியவில்லை. அவள் என்னைப் பார்க்காமல் மாடத்தையே பார்த்துக்கொண்டு சொல்கிறாள்.

"பூவால குளிர வெக்கலாம்னு தலையத் தொட்டேன், பூவே இல்ல. பூ வாங்கி எத்தினி நாளாச்சி. அவன் சத்தம் வேற கிட்ட வந்துடுச்சி. கீழ நீங்க ரெண்டு பேரும்." கையை மாடத்துப் பக்கம் நீட்டி இழுத்துக்கொள்கிறாள். "ஊதிட்டேன்டி. வாயால ஊதிட்டேன். ஒரே ஊதுல போயிடுச்சி."

நிலா அவள் முகத்தில் விழுகிறது. அவளும் இப்போதுதான் அதைப் பார்க்கிறாள், நிமிர்ந்து பார்க்கிறாள், அப்புறம் துறைமுகத்தை, கூரைகளை, கோபுரத்தை, பகல் மாதிரி தெரிகிற எல்லாவற்றையும் ஒவ்வொன்றாகப் பார்க்கிறாள். வாய் கோணிக்கொண்டு போகிறது. ஊதிய வாயை முந்தானையால் பொத்திக்கொண்டு சுவரில் சாய்ந்து உட்கார்ந்துவிட்டாள். கீழே பாலகுரு சோறு கேட்டுக் கத்துகிறான். நான் அவள் பக்கத்தில் உட்காருகிறேன், எனக்கு இப்போது என் பயத்தைவிட அவளைப் பார்க்கத்தான் பயமாக இருக்கிறது. அவள் என் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொள்கிறாள்.

"அபரஞ்சி," என்கிறாள், பாலகுரு என்னிடம் கேட்கிற குரலில். "உங்க நைனாவுக்கு ஒண்ணும் ஆவாதில்ல?"

எனக்கு என்ன தெரியும்?

"ஒண்ணும் ஆவாதும்மா."

சரி என்று தலையாட்டுகிறாள். நான் சொன்னதை அப்படியே நம்பிவிட்டாள்.